கழுத்தக்காவும் என் மீசையும்

மகளே,

நீ இன்னும் பிறக்கவில்லை. எனக்கே பதினேழு வயதுதான் ஆகிறது. நீ பிறப்பாயா, பிறந்தாலும் மகளாகப் பிறப்பாயா என்பதெல்லாம் எனக்குத் தெரியாது. இருந்தும், நீ என்னிடம் கேட்கப்போகும் ஒரு கேள்வியைப் போன ஞாயிற்றுக்கிழமை உனக்காக வேறொருவர் கேட்டுவிட்டார். அவர் என் மாமா, அம்மாவின் அண்ணன். எங்கள் வீட்டுக்குள் இருக்கும் ஒரே நாற்காலியை வாசலைப் பார்த்துத் திருப்பிப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கையில் செல்போன். அதில் நான் மீசையோடு தொடையைத் தட்டிக்கொண்டிருந்தேன்.

“நாளைக்கு உனக்கொரு புள்ள பொறந்து, அது உங்கிட்ட வந்து, படிக்கிற காலத்துல நீ என்னம்மா பண்ணுனேன்னு கேட்டா என்னன்னு சொல்லுவே? மீச வெச்சுக்கிட்டு மேடையில கூத்தாடுனேன்னு சொல்லுவியா?”

எங்கள் பக்கத்தில் பெரியவர்கள் கேட்கும் கேள்விகளில் பாதிக்குப் பதில் தேவையில்லை. தலையைக் குனிந்தால் போதும். நான் குனியவில்லை. “எழுதியே வெச்சர்றனுங்க மாமா” என்றேன். மாமா அம்மாவைப் பார்த்தார். அம்மா, “காப்பி ஆறுதுங்கண்ணா” என்றாள். 

ஆகவே எழுதுகிறேன். நீ வளர்ந்து, உன் காலில் நின்று, உனக்கென்று ஒரு தீர்மானம் எடுக்கும் நாளில் இதை உன் கையில் கொடுப்பேன். மாமா கேட்டதற்கு ஒரு வரியில் பதில் சொல்லிவிடலாம். ஆமாம், கூத்தாடினேன். ஆனால் எந்தக் கூத்து, யாரைப் பார்த்து ஆடியது, ஏன் விடமாட்டேன் என்கிறேன் என்பதற்குக் கொஞ்சம் இடம் வேண்டும். அதற்கு என் அத்தையிடமிருந்து தொடங்க வேண்டும்.

அத்தை என்றால் அப்பாவின் தங்கை. கல்யாணம் முறிந்து எங்கள் வீட்டுக்கு வந்தவர், நாமக்கல் பக்கம் ஒரு கோழிப்பண்ணையில் முட்டை பொறுக்கும் வேலைக்குப் பல வருடம் போனார். பிறகு ஒருநாள் பாஸ்போர்ட் எடுத்தார். சிங்கப்பூரில் ஒரு சீனக் குடும்பத்தில், படுக்கையும் சக்கர நாற்காலியுமாக இருக்கும் ஒரு வயதான அம்மாவைப் பார்த்துக்கொள்ளும் வேலை. அத்தைக்குச் சீனமும் தெரியாது, ஆங்கிலமும் நாலு சொல்லுக்கு மேல் தெரியாது. அந்த அம்மாவுக்குத் தமிழ் தெரியாது. “எப்படிங்கத்தை பேசிக்குவீங்க?” என்று கேட்டால், “பேசறதுக்கு என்ன சாமி இருக்குது? காலையில கஞ்சி. அவியளும் கஞ்சிதான் குடிக்கறாங்க. உப்புத்தான் கம்மி” என்பார்.

மத்தியானத்தில் அந்த அம்மா பழைய கறுப்பு வெள்ளைப் படங்களைப் பார்ப்பார். சின்ன வயதில் பிஸ்கட் கம்பெனியில் வேலை செய்து, கூலி வாங்கிய கையோடு ஓடிப்போய்ப் பார்த்த படங்களாம் அவை. அத்தையும் பக்கத்தில் உட்கார்ந்து பார்ப்பார். நான் பள்ளி விட்டு வந்து பையை வைக்கும் நேரத்தில் அங்கே இருட்டியிருக்கும். அத்தை வீடியோவில் கூப்பிட்டு அன்றைய படத்தின் கதையைச் சொல்வார். மொழியே தெரியாமல் பார்த்த படத்தின் கதையை ஒருவர் எவ்வளவு விவரமாகச் சொல்ல முடியும் என்பதை நான் அப்போதுதான் தெரிந்துகொண்டேன்.

“இன்னைக்கு வேறொருத்தி வந்தா சாமி. நேத்து வந்தாளே, புருசன் செத்துத் தள்ளுவண்டியில நூடுல்ஸ் போட்டு விக்கறவ, அவளாட்டமே சாடை. ஆனா இவ முடியக் கத்தரிச்சுக்கிட்டுக் காரோட்டறா. அக்கா தங்கச்சியா இருக்கோணும்.”

“பேரு என்னங்கத்தை?”

“பேரு போடறான், பூச்சி பூச்சியாப் போடறான். நானு என்னத்தக் கண்டேன்.”

அடுத்த வாரம் மூன்றாவது தங்கை வந்தாள். கிரீடத்தில் இரண்டு நீளமான இறகு வைத்துக்கொண்டு, ஆண் வேடத்தில், ஒரு தளபதியாக. பிறகு ஆலையில் வேலை செய்து, வழுக்கி விழுந்து, முதலாளியின் மேல் தண்ணீரைக் கொட்டி எல்லோரையும் சிரிக்கவைக்கும் நான்காவது ஒருத்தி. கடைசியில் நரைத்த தலையோடு, வளர்ந்த மகனுக்குச் சட்டை தைத்துக் கொடுக்கும் ஐந்தாவது ஒருத்தி. அவள்தான் மூத்த அக்கா என்று அத்தை முடிவுகட்டினார். “ஒரு ஊட்டுல அஞ்சு பொட்டப்புள்ளைங்க பொறந்து, அஞ்சையும் நடிக்க அனுப்பியிருக்கறான் பாரு. அந்த அப்பனுக்கு எத்தன தைரியம் இருந்திருக்கோணும்” என்றார். எங்கள் வீட்டில் அப்படி ஒரு அப்பனைப் பற்றி யாரும் அதுவரை பேசியதில்லை. நானும் அந்த அப்பனை நினைத்துக்கொண்டே கொஞ்ச நாள் திரிந்தேன்.

பிறகு ஒருநாள் அத்தை கூப்பிட்டபோது அவர் குரலே வேறு மாதிரி இருந்தது.

“சாமி, அஞ்சு பேரில்ல. ஒருத்திதான்.”

“எப்படிங்கத்தை?”

“கழுத்து. கோழி திரும்பறதப் பாத்திருக்கறயா? கழுத்து மொதல்ல திரும்பும். ஒடம்பு யோசிச்சுட்டு அப்பறம் வரும். இவளும் அப்படியேதான். யாராவது கூப்புட்டா அஞ்சு பேருக்கும் அதே கழுத்து. மூஞ்சிய மாத்திக்கிட்டா, கொரல மாத்திக்கிட்டா, நடைய மாத்திக்கிட்டா. கழுத்த மட்டும் விட்டுட்டா.”

திரையில் இருந்தவளைக் காட்டி, ஐந்து விரலை நீட்டி, நான்கை மடக்கி, கழுத்தைத் திருப்பிக் காட்டினாராம் அத்தை. அத்தை வேலைக்குச் சேர்ந்ததிலிருந்து ஒருமுறைகூடச் சிரிக்காத அந்த அம்மா, இருமல் வரும்வரை சிரித்து, அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டு விடவில்லையாம். “அப்பறம்?” என்று கேட்டேன். அத்தை சொன்னார்: “அப்ப அந்த அப்பனுக்குத் தைரியம் ஒண்ணுமில்ல. எல்லாத் தைரியமும் இவளுக்குத்தான்.”

அன்றிலிருந்து அவள் எங்களுக்குக் கழுத்தக்கா. அவளுடைய உண்மையான பெயர் எனக்குத் தெரியும். ஆனால் அதை நான் உச்சரிக்கும் விதம் சரியில்லை என்று அந்த அம்மாவின் மகள் சொல்லிவிட்டார். தப்பாக உச்சரிப்பதைவிடக் கழுத்தக்கா என்பதே மரியாதை என்று விட்டுவிட்டேன். அந்த மகளிடம் நான் வீடியோவில் பேசினேன். பாடப்புத்தகத்தில் இருந்த ஆங்கிலத்தையெல்லாம் திரட்டிக்கொண்டு பேசினேன். அவர் பொறுமையாகப் பதில் சொன்னார்.

கழுத்தக்கா சின்னப் பிள்ளையாக ஒரு நாடகக் குழுவில் சேர்ந்தவள். தண்ணீர் சுமப்பதும் துணி துவைப்பதும்தான் முதல் வேலை. திரைச்சீலைக்குப் பின்னால் நின்றே எல்லாப் பாட்டையும் பாடமாக்கியிருக்கிறாள். சினிமாவுக்கு வந்தபோது முதலில் காண்டனீஸ் என்ற சீன மொழியில் நடித்தாள். சிங்கப்பூர், மலேயாப் பக்கம் இருந்த தொழிலாளிகளுக்காக ஹொக்கியன் மொழியில் வாரத்துக்கு ஒன்று என்ற கணக்கில் படம் எடுத்தபோது அதையும் கற்றுக்கொண்டு நடித்தாள். பெரிய ஸ்டுடியோக்கள் மாண்டரினுக்கு மாறியபோது, உன் நாக்கு இதற்கு வளையாது என்று திருப்பி அனுப்பினார்கள். அவள் போய் நாக்கை வளைத்துக்கொண்டு வந்தாள். சீனம் என்றால் ஒரே மொழி என்று நான் அதுவரை நினைத்துக்கொண்டிருந்தேன். ஒன்றைப் பேசுகிறவருக்கு இன்னொன்று புரியாது என்றார் அந்த மகள். நாம் தெலுங்கிலும் கன்னடத்திலும் போய் நடிப்பதைப் போல என்று நான் புரிந்துகொண்டேன்.

அவளுக்கு முப்பது வயது ஆனபோது, காதலியாக நடித்துக்கொண்டிருந்த அவளை அதே நடிகருக்கு அம்மாவாக நடிக்கக் கேட்டார்கள். மற்ற கதாநாயகிகள் அழுதுவிட்டு வீட்டுக்குப் போனார்கள். அவள் தலைக்கு வெள்ளை பூசிக்கொண்டு போய் நின்றாள். பத்திரிகைகள் அவளைக் கேலி செய்தன. அவள் அடுத்த படத்தில் திருடியாக வந்தாள், அதற்கடுத்து ஆணாக வந்தாள். ஸ்டுடியோ மூடப்பட்டபின் தொலைக்காட்சிக்குப் போய் அங்கும் மாமியாராக, மருத்துவச்சியாக, மந்திரக்காரியாக நடித்திருக்கிறாள். நீ யார் என்று யார் கேட்டாலும் அவளிடம் ஒரு பதில் இல்லை, பல பதில்கள் இருந்தன. மகளே, எனக்கு அவளைப் பிடித்ததற்குக் காரணம் இதுதான். எங்கள் வீட்டில், எங்கள் தெருவில், ஒரு பெண்ணுக்கு ஒரு பதில்தான் வைத்திருக்கிறார்கள். அதுவும் அவள் சொல்லும் பதில் இல்லை.

அந்தச் சமயத்தில்தான் பள்ளிகளுக்கிடையே கலைப் போட்டி வந்தது. தனிநபர் நடிப்புக்குப் பெயர் கொடுத்தேன். எங்கள் தமிழம்மாதான் பொறுப்பு. தனிநபர் நடிப்பு என்றால் எங்கள் பள்ளியில் வழக்கமாக ஒருத்தி சிலம்பை உடைப்பாள், ஒருத்தி வாளைச் சுற்றுவாள், ஒருத்தி முதியோர் இல்லத்து வாசலில் நின்று மகனைக் கூப்பிட்டு அழுவாள். நான் ஒரு சீன நடிகை என்றதும் தமிழம்மா கண்ணாடியைக் கழற்றினார்.

“ஏன், நம்ம நாட்டுல ஆளே கெடைக்கலியா? எல்லையில சண்டைன்னு செய்தி வர்ற காலத்துல, நடுவர் ஏதாச்சும் கேட்டா நான் என்னன்னு சொல்றது?”

“நானே சொல்லிக்கறேன் டீச்சர்.”

“நீ சொல்லுவ. அதான் பயமா இருக்கு.”

ஆனாலும் விட்டார். பள்ளி அளவில் நான் ஜெயித்தேன், போட்டிக்கு வந்தவர்களே கொஞ்சம் பேர்தான். கழுத்தக்கா பிறந்தது, வளர்ந்தது, நடித்தது எல்லாவற்றையும் வரிசையாகச் சொல்லி, இடையிடையே நடித்தும் காட்டினேன். கைதட்டினார்கள். முடிந்தபின் தமிழம்மா, “தகவல் நெறைய இருக்கு. ஆளக் காணோம்” என்றார். ஒரு வாரம் அவரோடு நான் சரியாகப் பேசவில்லை. அவர் சொன்னது உண்மை என்பதால்தான் அவ்வளவு கோபம்.

அதற்குள் வேறொன்று நடந்தது. அத்தை கதை சொன்ன படங்களில் ஒன்று, அடியில் ஆங்கில எழுத்து ஓடும்படி, இணையத்தில் கிடைத்தது. அத்தை அதைச் சொன்னபோது நான் அழுதிருக்கிறேன். புருசனைப் பறிகொடுத்த ஒரு மருமகள் மாமியார் வீட்டுக்கு வருகிறாள், சொத்துக்காகத்தான் வந்திருக்கிறாள் என்று எல்லோரும் ஏசுகிறார்கள், அவள் புருசனின் போட்டோவுக்கு முன்னால் விழுந்து அழுகிறாள். எழுத்தோடு பார்த்தால் கதையே வேறு. அவள் மருமகளே இல்லை. ஒரு திருடி. செத்துப்போனவனை அவள் பார்த்ததுகூட இல்லை. சொத்துக்காகத்தான் வந்திருக்கிறாள். அது முழுக்க முழுக்கச் சிரிப்புப் படம். நான் வெற்றியோடு அத்தையைக் கூப்பிட்டுச் சொன்னேன். அத்தை ஒத்துக்கொள்ளவில்லை.

“எழுத்துப் போட்டவனுக்கு என்ன தெரியும்? அவ அழுதது நெசம்.”

“அத்தை, அது நடிப்புங்க. படத்துக்குள்ளயும் அவ நடிக்கறா. அந்த ஊட்டாரை ஏமாத்தறதுக்கு.”

“ஏமாத்தறதுக்குன்னுதான் ஆரம்பிச்சிருப்பா. கீழ உழுந்ததுக்கப்பறம் அவளுக்கே அழுகை வந்துருச்சு. நீ திரும்பப் போட்டுப் பாரு. அந்த மாமியாக்காரி அவ தலையத் தொட்டதீமு கழுத்து நிக்கும்.”

திரும்பப் போட்டுப் பார்த்தேன். மாமியார் தொட்டதும் கழுத்து ஒரு கணம் நின்றது. திருடி ஒருத்தி, வாழ்க்கையில் தன் தலையை யாரும் தடவிக் கொடுத்திராத ஒருத்தி, அந்த ஒரு கணம் மருமகளாகவே ஆகிவிட்டாள். அதற்கு அடியில் எழுத்து எதுவும் இல்லை. அவள் பேசவில்லையே, எழுத என்ன இருக்கிறது? அத்தை கதையைத் தப்பாகத்தான் சொல்லியிருந்தார். ஆனால் எழுத்தைப் படித்துக்கொண்டிருந்த நான் அந்தக் கழுத்தைத் தவறவிட்டேன். நான் படிக்கிற பெண். படிப்பு வேண்டாம் என்று உன்னிடம் ஒருநாளும் சொல்லமாட்டேன். படிக்கும்போது அவ்வப்போது கண்ணை மேலே தூக்கு என்று மட்டும் சொல்வேன்.

அன்றே என் நாடகத்தைக் கலைத்தேன். பிறந்தது வளர்ந்தது எல்லாம் போயிற்று. புதியதில் ஒரு சிங்கப்பூர் வீட்டில், முட்டைப் பண்ணையிலிருந்து போன ஒரு நாமக்கல்காரி, ஒரு சக்கர நாற்காலிக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து படம் பார்க்கிறாள். படத்தில் வருகிறவர்களையெல்லாம் எங்கள் ஊர்ப் பேச்சில் எனக்குச் சொல்கிறாள். சொல்லச் சொல்ல ஒவ்வொருத்தியாக எழுந்து வருகிறாள். தள்ளுவண்டிக்காரி, காரோட்டி, தளபதி, ஆலைக்காரி, அம்மா. கடைசியில் ஐந்தும் ஒன்று என்று தெரிகிறது. தளபதிக்கு மீசை வேண்டும் என்பது என் யோசனை. அசல் படத்தில் மீசை இல்லை. ஆனால் எங்கள் பக்கம் மீசை இல்லாத தளபதியை யார் நம்புவார்கள்? கண்மையால் நானே வரைந்துகொண்டேன்.

மாவட்டத்தில் முதலாவதாக வந்தேன். மண்டலப் போட்டி சேலத்தில். பஸ்ஸில் போகும்போது தமிழம்மா ஏற்காட்டுச் சாலைப் பக்கம் கையைக் காட்டி, அந்தக் காலத்தில் அங்கே ஒரு பெரிய ஸ்டுடியோ இருந்ததையும், தமிழ் மட்டுமல்லாமல் எத்தனையோ மொழிகளில் அங்கே படம் எடுத்ததையும் சொன்னார். இப்போது வாசல் வளைவு மட்டும் நிற்கிறதாம். கழுத்தக்கா நாக்கை வளைத்துக்கொண்டிருந்த அதே காலத்தில், எங்கள் வீட்டிலிருந்து ஒன்றரை மணி நேரத் தொலைவில், வேறு ஊர்ப் பெண்கள் வந்து இறங்கித் தமிழுக்கு நாக்கை வளைத்துக்கொண்டிருந்திருக்கிறார்கள். எங்கள் ஊர்ப் பெண்களில் யார் அந்த வளைவுக்குள் போனார்கள் என்று கேட்டேன். “போனவங்க வீட்டுல அதப்பத்திப் பேசமாட்டாங்க” என்றார் தமிழம்மா.

சேலத்து மேடையில் நான் தளபதியாகக் காலை அகட்டி உட்கார்ந்து, தொடையைத் தட்டி, எதிரியை அழைத்தபோது அரங்கமே தட்டியது. அடுத்த நொடி அத்தையாகி, “இவ மூணாவது தங்கச்சி, மீச மொளச்சவ” என்றேன். முன்வரிசையில் ஒரு நடுவர் சிரித்துச் சிரித்துப் பேனாவைக் கீழே போட்டார். எல்லையைப் பற்றி யாரும் கேட்கவில்லை. அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான்: “ஏம்மா, அந்த அத்தை நெசமாவே இருக்கறாங்களா?” இருக்கிறார் என்றேன். மாநிலப் போட்டிக்குச் சென்னைக்கு வா என்றார்கள்.

அரங்கத்தில் யாரோ எடுத்த வீடியோ, தொடை தட்டும் இடம் மட்டும், எங்கள் சொந்தக்காரர்களின் வாட்சப் குழுவுக்கு வந்து சேர்ந்தது. அத்தையாக நான் பேசியதை யாரும் அனுப்பவில்லை. அம்மாவாகச் சட்டை தைத்ததை அனுப்பவில்லை. ஐந்தில் ஒன்றை வெட்டி எடுத்து, இதுதான் இவள் என்று அனுப்பினார்கள். அந்த ஞாயிற்றுக்கிழமை மாமா வந்தார்.

மாமா கெட்டவர் இல்லை, மகளே. எனக்குக் காய்ச்சல் வந்தால் முதலில் வண்டி எடுப்பவர் அவர்தான். அப்பா லாரியில் வடக்கே போய்விட்டால் எங்கள் வீட்டுக்கு ஆண் துணை என்று ஊரார் நினைப்பதும் அவரைத்தான், அவர் நினைப்பதும் அதைத்தான். அதனால்தான் அவர் சொன்னதை உட்கார்ந்து கேட்டேன்.

“பரமத்தியிலிருந்து சொந்தக்காரங்க போன் பண்ணிக் கேக்கறாங்க, உங்க அம்முணி சினிமாவுக்குப் போகுதான்னு. நான் மூஞ்சிய எங்க கொண்டுபோய் வெச்சுக்கறது? ஆம்பளையாட்டக் காலப் பரப்பிக்கிட்டு. இதெல்லாம் உன்ற அத்தக்காரி குடுக்கற எடம். கட்டுனவன உட்டுப்போட்டு வந்தவ, கடல் தாண்டிப் போயிருக்கறா, அவ சொல்லிக்குடுத்து இவ ஆடறா.”

“அத்தை வேலைக்குப் போயிருக்கறாங்க மாமா.”

“பேசாத. சென்னைக்கெல்லாம் போறதுக்கில்ல. அவ்வளவுதான்.”

அதன்பிறகுதான் உன்னை இழுத்தார். உன் பெயரைச் சொல்லி என்னை வெட்கப்படவைக்கலாம் என்று நினைத்தார். எனக்கு வெட்கம் வரவில்லை. கோபம் வந்தது. பிறக்காத பிள்ளையைக்கூட அவர்கள் தங்கள் பக்கம் சேர்த்துக்கொண்டுவிட்டார்கள் என்ற கோபம். நீ அவர் பக்கம்தான் நிற்பாய் என்று அவருக்கு யார் சொன்னார்கள்?

அப்பாவுக்குப் போன் போட்டேன். நாக்பூர் தாண்டி எங்கோ லோடு இறக்கக் காத்திருந்தார். பின்னால் ஹாரன் சத்தம். “மாமன் சொல்றதக் கேளு சாமி. இல்லீன்னா நான் வந்து பேசிக்கறேன்” என்றார். “நீங்க வர்றதுக்குள்ள போட்டி முடிஞ்சுருமுங்கப்பா” என்றேன். “அம்மாவக் கேளு” என்று வைத்துவிட்டார்.

எல்லாம் அம்மாவிடம் வந்து நின்றது. பெற்றோரில் ஒருவர் கூடவே வந்தால்தான் சென்னைக்கு அழைத்துப்போவேன் என்று தமிழம்மா சொல்லியிருந்தார். அம்மா வந்தால் நான் போவேன். வராவிட்டால் இல்லை. அம்மா வருவது என்றால், தன் அண்ணன் போகக்கூடாது என்று சொன்ன இடத்துக்கு, ஊர் பார்க்கப் பஸ் ஏறுவது. என் அம்மா தன் அண்ணனை எதிர்த்து ஒரு சொல் சொல்லி நான் கேட்டதில்லை. அவள் நாமகிரிப்பேட்டையில் மஞ்சள் மண்டியில் வேலை செய்கிறாள். விரலி மஞ்சளை ஒரு பக்கமும் கிழங்கு மஞ்சளை ஒரு பக்கமும் நாள் முழுக்கப் பிரித்துப் போடுவாள். உள்ளங்கை எப்போதும் மஞ்சளாக இருக்கும். எதைக் கேட்டாலும் உடனே பதில் சொல்லமாட்டாள். ஞாயிற்றுக்கிழமையிலிருந்து நானும் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை. தோசை சுட்டாள், தண்ணீர் பிடித்தாள், மண்டிக்குப் போனாள், வந்தாள். நான் மூலையில் உட்கார்ந்து உனக்கு இதை எழுதிக்கொண்டிருக்கிறேன். நாளைக் காலை பஸ்.

அம்மா வராவிட்டால் என்ன செய்வேன் என்று நீ கேட்கலாம். அதையும் யோசித்துவிட்டேன். வீட்டை விட்டு ஓடமாட்டேன். இங்கேயே இருந்து, அடுத்த போட்டிக்குப் பெயர் கொடுப்பேன். அதையும் தடுத்தால் அதற்கடுத்ததற்கு. பன்னிரண்டாம் வகுப்பு முடித்து, நாடகம் சொல்லித்தரும் கல்லூரி எங்கிருந்தாலும் விண்ணப்பிப்பேன். மாமா நர்சிங் என்கிறார். நர்சாகவும் இருந்து நடிப்பேன். கழுத்தக்கா திருப்பி அனுப்பப்பட்ட வாசலுக்குத் திரும்பவும் போனாள். எனக்கு அவள் அளவுக்குத் திறமை இருக்கிறதா என்று தெரியாது. பிடிவாதம் இருக்கிறது, அது நான் வீட்டிலிருந்தே பெற்றது.

உனக்கு நடிப்பே பிடிக்காமல் போகலாம். நீ ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் வண்டி ஓட்டுவாயோ, கணக்குப் போடுவாயோ, எனக்குக் கொஞ்சமும் புரியாத ஒரு வேலைக்குப் போவாயோ. எதுவானாலும் சரி. ஆனால் ஒருநாள் நான் ஒரு நாற்காலியை வாசலைப் பார்த்துத் திருப்பிப் போட்டுக்கொண்டு உட்கார்ந்து, நாளைக்கு உன் பிள்ளை கேட்டால் என்ன சொல்வாய் என்று உன்னைக் கேட்டேன் என்றால், நீ வாயைத் திறக்க வேண்டாம். இந்தக் கடிதத்தை எடுத்து என் முன்னால் போடு. வயதானால் மனிதர்கள் மாறிவிடுகிறார்கள். மாமாவும் சின்ன வயதில் தேர்த்திருவிழா நாடகத்தில் பெண் வேடம் கட்டியவர் என்று அம்மா ஒருமுறை வாய்தவறிச் சொல்லியிருக்கிறாள். அவர் சேலை கட்டியபோது ஊர் சிரித்து ரசித்தது. அவருடைய பிள்ளை என்ன கேட்கும் என்று அன்றைக்கு யாரும் அவரைக் கேட்கவில்லை. அவர் அதை மறந்துவிட்டார். நான் மறக்காமல் இருக்கத்தான் எழுதி வைக்கிறேன்.

அத்தை இப்போது கூப்பிட்டார். நடந்ததை யாரோ அவருக்கும் சொல்லிவிட்டார்கள். அழுவார் என்று நினைத்தேன். “உங்க மாமன் கெடக்கறான். தளபதி திரும்பறப்ப நீ ஒடம்பையும் கழுத்தையும் ஒண்ணாத் திருப்பறே. அதச் சரி பண்ணு” என்றார். அந்த அம்மாவுக்கு முழு வீடியோவையும் காட்டினாராம். அவர் ஐந்து விரலை நீட்டி, நான்கை மடக்கி, பிறகு மடக்கியதில் ஒன்றைத் திரும்ப நீட்டினாராம். அந்த இரண்டாவது விரல் நான்தான் என்று எடுத்துக்கொண்டேன். 

இந்த வரியை எழுதிக்கொண்டிருக்கும்போது அம்மா மண்டியிலிருந்து வந்துவிட்டாள். முகம் கழுவவில்லை. என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, போனைக் கேட்டாள். வாட்சப்பில் வந்த அந்தத் துண்டைப் போட்டுப் பார்த்தாள். அதை அவள் முதல்முறை பார்க்கவில்லை என்பது விரல் போன இடத்திலிருந்தே தெரிந்தது. தொடை தட்டும் இடத்தில் நிறுத்தி, கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள்.

“இதாரு வரஞ்சுட்டது?”

“நாந்தாம்மா.”

“எடதுபக்கம் கோணிக்கிட்டுப் போகுது. இதயா அத்தன ஊரும் பாத்துச்சு?” என் தாடையைப் பிடித்து வெளிச்சத்துக்குத் திருப்பினாள். அவள் கட்டைவிரல் மஞ்சளாக இருந்தது. மேலுதட்டின் ஓரத்தை அளப்பதைப் போலத் தடவிப் பார்த்தாள். “அண்ணன் தேர்த்திருவிழா நாடகத்துக்குப் பொம்பள வேசம் கட்டறப்ப, நாந்தான் புருவம் தீட்டுவேன். காலையில பஸ் எத்தன மணிக்கு?”

சொன்னேன்.

“கண்மை வேண்டாம், வேர்வையில ஓடிரும். நல்லெண்ணெயில கரியக் கொழச்சு எடுத்துக்கறேன். மேடையேறறதுக்கு முன்னாடி எங்கிட்ட வந்துட்டுப் போ.”

அடுப்படிக்குப் போய்விட்டாள். விளக்குக்கரி எடுக்கும் சத்தம் கேட்கிறது.

மகளே, நீ கேட்டால் சொல்வேன். ஆமாம், படிக்கிற காலத்தில் மீசை வைத்துக்கொண்டு மேடையில் கூத்தாடினேன். முதல்முறை மீசை கோணலாக இருந்தது. இரண்டாம்முறை நேராக இருந்தது.

இப்படிக்கு,
உன் அம்மாவாகவும் ஆகப்போகிறவள்